ஓய்வு மட்டும் மருந்தாகாது

(மூளையின் நெகிழ்வுத்தன்மை, மனச்சோர்வு இவற்றைப் பற்றி, கோவண்டியில் கூடிய நம் மூத்த உறுப்பினர்கள் முன்னிலையில் ஆற்றிய உரை. நேரம் போதாமல் விட்டுப்போன சில விவரங்களையும் இங்கே சேர்த்திருக்கிறேன்.)



என்னைப் பேசக் கூப்பிட்டபோது காரியதரிசி, "ஏதாவது ஆரோக்கிய சம்பந்தமாகப் பேசுங்கோ சார், மூட்டுவலி, சர்க்கரை, இந்த மாதிரி" என்றார். மூட்டுவலியைப் பற்றி இங்கே உட்கார்ந்திருக்கும் ஒவ்வொருவரும் ஒரு மணி நேரம் பேசக்கூடியவர்கள். அதற்கு நான் எதற்கு? நாம் வாய்விட்டுப் பேசாத ஒரு வியாதியைப் பற்றிப் பேசுகிறேன் என்று சொல்லி ஒப்புக்கொண்டேன். அதுதான் மனச்சோர்வு. டிப்ரஷன் என்று எல்லோரும் சொல்கிறோமே, அது.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் டாக்டர் இல்லை. எழுபதுகளின் தொடக்கத்தில் விலங்கியலில் பி.எஸ்ஸி. முடித்து, அதன்பின் முப்பத்தைந்து வருஷம் சர்க்கார் உத்தியோகத்தில் ஃபைல் பார்த்தவன். ரிட்டயர் ஆன பிறகு பழைய பாடத்தின் மேல் ஆசை திரும்பியது. மூளையைப் பற்றி என் அறிவுக்கு எட்டியதைப் படித்து வருகிறேன். ஆகையால் நான் சொல்வதை வைத்து யாரும் மருந்தை ஆரம்பிக்கவும் வேண்டாம், நிறுத்தவும் வேண்டாம். டாக்டரிடம் போகத் தயங்கும் ஒருவர் இதைக் கேட்டுவிட்டுப் போனால் எனக்கு அதுவே போதும்.

கோவண்டியிலிருந்து கிளம்பிய கணக்கு

இந்த கோவண்டி ஸ்டேஷன் ரோட்டில் ஐ.ஐ.பி.எஸ். என்ற சர்வதேச மக்கள்தொகை அறிவியல் நிறுவனம் இருக்கிறது. 1956-ல் ஆரம்பித்தது. நம்மில் பலர் பஸ்ஸில் போகும்போது போர்டைப் பார்த்திருப்போம். நாடு முழுவதும் முதியோர்களின் நிலைமை எப்படி இருக்கிறது என்று கண்டறிய மத்திய சுகாதார அமைச்சகம் ஒரு பெரிய ஆய்வை இந்த நிறுவனத்திடம்தான் ஒப்படைத்தது. அமெரிக்காவின் ஹார்வர்டு, தெற்கு கலிபோர்னியா பல்கலைக்கழகங்களும் அதில் சேர்ந்துகொண்டன. 2017-18-ல் வீடுவீடாகப் போய் 72,000 பேருக்கு மேல் விசாரித்தார்கள். 45 வயதுக்கு மேற்பட்டவர்களும் அவர்களுடைய கணவன் அல்லது மனைவியும் அதில் அடக்கம். அறிக்கை 2021 ஜனவரியில் வெளிவந்தது. லாசி என்று சுருக்கமாகச் சொல்வார்கள்.

அதில் என்னை உலுக்கியது இரண்டு எண்கள். "உங்களுக்கு மனச்சோர்வு இருப்பதாக எந்த டாக்டராவது சொல்லியிருக்கிறாரா?" என்று கேட்டபோது, 60 வயதைத் தாண்டியவர்களில் 0.8 சதவிகிதம் பேர்தான் "ஆமாம்" என்றார்கள். அடுத்தபடியாக, வியாதியின் பெயரையே சொல்லாமல் அறிகுறிகளை மட்டும் கேட்டார்கள். கடந்த ஒரு வருஷத்தில் தொடர்ந்து இரண்டு வாரம் எதிலும் ஈடுபாடில்லாமல் இருந்ததா, தூக்கம், பசி, களைப்பு எப்படி, சாவைப் பற்றிய எண்ணம் வந்ததா, இந்த மாதிரிக் கேள்விகள். இப்படிக் கணக்கிட்டபோது தீவிர மனச்சோர்வு இருக்கக்கூடியவர்கள் 8.3 சதவிகிதம்!

அதாவது, பத்துப் பேருக்கு இந்த வியாதி இருந்தால் ஒருவருக்குத்தான் அது வியாதி என்று தெரிந்திருக்கிறது. மற்ற ஒன்பது பேர் வீட்டிலே "வயசாயிடுத்து", "சுபாவமே அப்படித்தான்", "அவ போனதிலேர்ந்து இப்படித்தான் உக்காந்திருக்கார்" என்று பேச்சு வாங்கிக்கொண்டிருக்கிறார்கள். இப்படி நூறு பேர் கூடிய ஒரு ஹாலில் எட்டுப் பேருக்கு இது இருக்கலாம். சொன்னால்தான் தெரியும், ஆனால் யாரும் சொல்வதில்லை.

துக்கமும் மனச்சோர்வும் ஒன்றல்ல. நெருங்கியவர் போனால் அழுகிறோம். நல்ல சேதி வந்தால் நடுவில் சிரிக்கவும் செய்கிறோம். மனச்சோர்வில் அந்தச் சிரிப்பு வராது. பேரன் பேத்தி வந்தாலும், டிசம்பர் சீசன் கச்சேரி வந்தாலும் எதுவும் உள்ளே இறங்காது. வயதானவர்களிடம் அது அழுகையாகக்கூட வெளிப்படாது. உடம்பெல்லாம் வலி, தலைசுற்றல், மலச்சிக்கல், தூக்கமின்மை, மறதி என்று வேஷம் போட்டுக்கொண்டு வரும். நாமும் வேஷத்துக்கு வைத்தியம் பார்த்துக்கொண்டிருப்போம்.

பழைய பாடப்புத்தகம் சொன்னது

நான் படித்த காலத்தில், பிறக்கும்போது கொண்டுவந்த நரம்பணுக்கள்தான் கடைசிவரை, போனால் போனதுதான் என்று வாத்தியார் கரும்பலகையில் எழுதிப் போட்டார். அது அவர் குற்றமல்ல. நரம்பணுவின் அமைப்பைக் கண்டு 1906-ல் நோபல் பரிசு பெற்ற ஸ்பெயின் தேசத்து ரமோன் இ கஹால் வளர்ந்த மூளையின் பாதைகள் மாறாதவை என்று எழுதியிருந்தார். அதுவே வேதவாக்காக இருந்தது. 1960களில் ஜோசப் ஆல்ட்மன் என்பவர் வளர்ந்த எலியின் மூளையில் புது நரம்பணுக்கள் தோன்றுவதைக் காட்டியபோதுகூட யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

இந்த எண்ணத்தை உடைத்தவர்களில் ஒருவர் நம்மூர்க்காரர். அரசியல் சட்ட மேதை அல்லாடி கிருஷ்ணசாமி ஐயரின் பேரன், சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த டாக்டர் வி.எஸ். ராமச்சந்திரன். கலிபோர்னியாவில் சான் டியாகோவில் பணியாற்றியவர். கை துண்டிக்கப்பட்ட ஒருவருடைய கன்னத்தைப் பஞ்சால் தொட்டபோது, "இல்லாத கையின் விரலைத் தொடுகிறீர்கள்" என்றார் அவர்! மூளையில் கைக்கான இடமும் முகத்துக்கான இடமும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கின்றன. கையிலிருந்து சேதி வருவது நின்றதும், முகம் அந்தக் காலி இடத்தை ஆக்கிரமித்துக்கொண்டுவிட்டது. குடியிருப்பவர் காலி செய்த அறையைப் பக்கத்துப் போர்ஷன்காரர் எடுத்துக்கொள்வதுபோல. இது 1990களின் தொடக்கத்தில் வெளிவந்தது. வளர்ந்த மனிதனின் மூளையும் மாறும், அதுவும் சில வாரங்களிலேயே மாறும் என்று தெரிந்தது. இதைத்தான் மூளையின் நெகிழ்வுத்தன்மை, நியூரோபிளாஸ்டிசிட்டி என்கிறார்கள்.

2000-ல் லண்டனில் எலியனார் மகுவையர் டாக்ஸி டிரைவர்களின் மூளையைப் படம் எடுத்தார். ஆயிரக்கணக்கான தெருக்களை மனப்பாடம் செய்தால்தான் அங்கே லைசென்ஸ். நினைவுக்கும் வழி கண்டுபிடிப்பதற்கும் உதவும் ஹிப்போகாம்பஸ் என்ற பகுதியின் பின்பாகம் அவர்களுக்குப் பெரிதாக இருந்தது. எத்தனை வருஷம் ஓட்டினார்களோ அத்தனைக்கத்தனை பெரிது.

நம் சமூகத்தார் ஆர்வத்தோடு கேட்கும் ஒன்றையும் சொல்கிறேன். 2016-ல் வெளியான ஓர் ஆய்வில், ஹரியானாவில் மானேசரில் உள்ள தேசிய மூளை ஆராய்ச்சி மையத்தின் உதவியுடன், சுக்ல யஜுர் வேதத்தை வருஷக்கணக்கில் அத்யயனம் செய்த 21 பண்டிதர்களின் மூளையைப் படம் எடுத்து, மற்ற 21 பேருடன் ஒப்பிட்டார்கள். மொழி, நினைவு சம்பந்தமான பல பகுதிகள் பண்டிதர்களுக்குத் தடித்திருந்தன. கேட்கச் சந்தோஷம்தான். ஆனால் விஞ்ஞானம் படித்தவன் என்ற முறையில் ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். ஒரு தடவை எடுத்த படத்தை வைத்து, அத்யயனத்தால் மூளை வளர்ந்ததா, அல்லது அப்படிப்பட்ட மூளை உள்ளவர்கள்தான் அத்யயனத்தில் நிலைத்தார்களா என்று தீர்மானிக்க முடியாது. வேதம் சொன்னால் மனச்சோர்வு வராது என்றும் இதற்கு அர்த்தமில்லை.

கெட்டதையும் கற்றுக்கொள்ளும் மூளை

மூளை மாறும் என்றால் நல்லபடியாகத்தான் மாறும் என்று நினைத்துவிடக் கூடாது. நான் இன்று சொல்ல வந்ததில் முக்கியமான இடம் இது.

பெங்களூரில் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் கிளையாக என்.சி.பி.எஸ். என்ற உயிரியல் மையம் இருக்கிறது. அங்கே சுமந்திர சட்டர்ஜியும் சக விஞ்ஞானிகளும் 2002-ல் ஒரு முடிவை வெளியிட்டார்கள். எலிகளை தினம் இரண்டு மணி நேரம், பத்து நாளைக்கு அசைய முடியாமல் வைத்தார்கள். அந்த மன அழுத்தத்தில், ஹிப்போகாம்பஸில் சில நரம்பணுக்களின் கிளைகள் சுருங்கிப்போயின. பயத்துக்கும் கவலைக்கும் இருப்பிடமான அமிக்டலாவில் நேர்மாறாகக் கிளைகள் செழித்து வளர்ந்தன! ஒரே தோட்டத்தில் துளசி வாடுகிறது, நெருஞ்சி தழைக்கிறது.

அடுத்தபடியாக, 2004-ல் அவர்களே இன்னொன்றைக் கண்டார்கள். அழுத்தம் கொடுத்த எலிகளை 21 நாள் சும்மா விட்டார்கள். எலி அளவுக்கு அது நல்ல நீண்ட ஓய்வு. ஆனாலும் அமிக்டலாவில் வளர்ந்தது குறையவில்லை, எலியின் கவலையும் குறையவில்லை.

எலிக்கு நடப்பதெல்லாம் நமக்கும் அப்படியே நடக்கும் என்று சொல்ல மாட்டேன். ஆனால் மனிதர்களிடமும் இதே திசையில் சாட்சிகள் இருக்கின்றன. மனச்சோர்வு உள்ள 1,728 பேரையும், இல்லாத 7,199 பேரையும் பல நாட்டு விஞ்ஞானிகள் சேர்ந்து ஒப்பிட்டபோது, நோயாளிகளின் ஹிப்போகாம்பஸ் சராசரியாக 1.2 சதவிகிதத்துக்குச் சற்று மேல் சிறுத்திருந்தது. சின்ன வித்தியாசம்தான். ஸ்கேன் எடுத்து ஒருவருக்கு மனச்சோர்வு என்று கண்டுபிடிக்க இது உதவாது. ஆனால் "எல்லாம் கற்பனை" என்று சொல்பவருக்குப் பதில் சொல்ல உதவும்.

இது ஏன் தானாகச் சரியாவதில்லை? மாடியில் இருக்கும் தண்ணீர்த் தொட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். தொட்டி நிறைந்ததும் மிதவை மேலே எழுந்து குழாயை மூடும். நம் உடம்பில் அழுத்தம் வரும்போது கார்ட்டிசால் என்ற ஹார்மோன் சுரக்கிறது. போதுமான அளவு வந்ததும் "நிறுத்து" என்று சொல்லும் மிதவைகளில் ஒன்று ஹிப்போகாம்பஸ். நாள்பட்ட அழுத்தத்தில் அந்த மிதவையே பழுதாகிறது. குழாய் மூடாது. கார்ட்டிசால் வழிகிறது, மிதவை இன்னும் பழுதாகிறது. மனச்சோர்வுக்காரர் எல்லோருக்கும் கார்ட்டிசால் கூடுதலாக இருப்பதில்லை. இருந்தாலும் பலருக்கு வியாதி ஏன் நீண்டுகொண்டே போகிறது என்பதற்கு இது ஒரு நல்ல விளக்கம்.

மருந்து எப்படி வேலை செய்கிறது?

மனச்சோர்வு மருந்தின் கதை ஒரு டி.பி. ஆஸ்பத்திரியில் ஆரம்பிக்கிறது. 1952-ல் நியூயார்க்கில் ஸீ வியூ ஆஸ்பத்திரியில் டி.பி. நோயாளிகளுக்கு இப்ரோனியாசிட் என்ற புது மருந்தைக் கொடுத்தார்கள். படுத்த படுக்கையாய்க் கிடந்தவர்கள் உற்சாகமாக எழுந்து நடமாடினார்கள். ஐந்து வருஷத்தில் அதுவே மனச்சோர்வு மருந்தாயிற்று.

நம் பம்பாய்க்கும் இதில் பங்கு உண்டு. பரேலில் கே.இ.எம். ஆஸ்பத்திரியில் இருந்த டாக்டர் ருஸ்தம் ஜல் வகீல், நம் நாட்டு சர்ப்பகந்தா மூலிகை ரத்த அழுத்தத்தைக் குறைக்கிறது என்று 1949-ல் பிரிட்டிஷ் பத்திரிகையில் எழுதினார். அதற்காக 1957-ல் லாஸ்கர் விருது பெற்றார். அந்த மூலிகையிலிருந்து எடுத்த ரிசர்பின் மருந்து சிலருக்கு மனச்சோர்வைத் தருவதாக டாக்டர்கள் அப்போது எழுதினார்கள். அது மூளையில் செரட்டோனின் முதலான ரசாயனங்களைக் குறைக்கிறது என்றும் தெரியவந்தது. இவற்றை வைத்துத்தான், இந்த ரசாயனங்கள் குறைந்தால் மனச்சோர்வு, கூட்டினால் குணம் என்ற சித்தாந்தம் 1960களில் உருவாயிற்று.

ஆனால் ஒரு கேள்விக்கு அந்தச் சித்தாந்தத்தில் பதில் இல்லை. மாத்திரை போட்ட சில மணி நேரத்தில் செரட்டோனினில் மாற்றம் வந்துவிடுகிறது. மனசு தெளிய ஏன் மூன்று வாரம், ஆறு வாரம் ஆகிறது? இடைப்பட்ட நாளில் என்ன நடக்கிறது?

இங்கேதான் நெகிழ்வுத்தன்மை திரும்ப வருகிறது. 2000-ல் அமெரிக்காவில் யேல் பல்கலைக்கழகத்தில் ரொனால்டு டூமனின் குழு, இந்த மருந்துகளைச் சில வாரம் கொடுத்தால் எலியின் ஹிப்போகாம்பஸில் புது நரம்பணுக்கள் கூடுவதைக் காட்டியது. நரம்பணுவுக்கு உரம்போல உதவும் பி.டி.என்.எஃப். என்ற புரதமும் கூடுகிறது. புது இணைப்புகள் வளர நாள் பிடிக்கும், அதனால்தான் குணம் தெரியவும் நாள் ஆகிறது. அந்த டூமனிடம் ஆராய்ச்சி பயின்றவர்தான் கொலாபாவில் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் இதே துறையில் பல வருஷமாகப் பணிபுரியும் விதிதா வைத்யா. 2015-ல் பட்நாகர் பரிசும், 2022-ல் இன்ஃபோசிஸ் பரிசும் பெற்றவர்.

மனிதர்களுக்கு வயதான பிறகு புது நரம்பணு உண்டாகிறதா என்பதில் விஞ்ஞானிகளுக்குள்ளேயே சண்டை நடந்திருக்கிறது. 1998-ல் ஸ்வீடனிலிருந்து "உண்டு" என்றார்கள். 2018-ல் ஒரு குழு "இல்லவே இல்லை" என்றது. அடுத்த மாதமே இன்னொரு குழு "வயதானவர்களுக்கும் உண்டு" என்றது. 2025-ல் ஸ்வீடன் விஞ்ஞானிகள் 78 வயது வரையுள்ளவர்களின் மூளைகளை ஆராய்ந்து, புது நரம்பணுவைத் தரக்கூடிய தாயணுக்கள் பெரியவர்களிடமும் இருக்கின்றன, ஆனால் ஆளுக்கு ஆள் வெகுவாக வேறுபடுகின்றன என்றார்கள். என் வயசுக்காரனுக்கு அது நல்ல சேதி. ஆனால் புது அணு பிறக்காவிட்டாலும், இருக்கிற அணுக்களுக்குள் இணைப்புகள் மாறிக்கொண்டே இருக்கின்றன. அதில் சந்தேகம் கிடையாது.

இனி நான் சொல்லப்போவது ஃபின்லாந்தில் ஈரோ காஸ்ட்ரென் என்பவரின் குழு 2011-ல் செய்த பரிசோதனை. சுண்டெலிகளுக்கு ஒரு சத்தத்தைக் கேட்டால் பயப்படும்படி பழக்கினார்கள். சில எலிகளுக்கு மனச்சோர்வு மருந்து மட்டும். பயம் போகவில்லை. சிலவற்றுக்கு "இந்தச் சத்தத்தால் ஆபத்தில்லை" என்ற பயிற்சி மட்டும். பயம் குறைந்தது, பிறகு திரும்பி வந்தது. மருந்தும் பயிற்சியும் சேர்ந்து பெற்றவற்றுக்குத்தான் பயம் நீடித்து விலகியது. மருந்து இறுகிய மண்ணை இளக்கிவிடுகிறது. இளகிய மண்ணில் எதை ஊன்றுகிறோமோ அதுதான் முளைக்கும். மனிதர்களிலும், ஓரளவு கடுமையான மனச்சோர்வுக்கு மருந்தும் ஆலோசனைச் சிகிச்சையும் சேர்ந்து கொடுப்பது தனித்தனியாகக் கொடுப்பதைவிட நல்ல பலன் தருகிறது என்று பல ஆய்வுகள் காட்டுகின்றன.

நம் அகங்களில் நடப்பது

இதையெல்லாம் படித்தபின் நம் வீடுகளைப் பார்க்கிறேன். ஒருவர் அறுபது வயதில் ரிட்டயர் ஆகிறார். அந்த வார்த்தைக்கே தமிழில் "ஓய்வு" என்று பெயர் வைத்திருக்கிறோம். பிள்ளை, "அப்பா, போதும் நீங்க உழைச்சது, பேசாம உக்காருங்கோ" என்கிறான். பால் வாங்கப் போனால், "நீங்க எதுக்குப்பா, ஆப்பில் சொன்னா வாசலுக்கு வந்துடும்." கரண்ட் பில் மொபைலில் கட்டியாகிவிட்டது. மாமி சமையலறைப் பக்கம் போனால், "நீங்க போங்கோம்மா, நான் பாத்துக்கறேன்" என்று நாட்டுப்பெண் அனுப்பிவிடுகிறாள். எல்லாம் அன்பினால்தான். ஒருவர் மனசிலும் கல்மிஷம் கிடையாது. ஆனால் நாற்பது வருஷம் ஒரு மூளை பழகி வந்த ஒவ்வொரு பாதையும் ஒவ்வொன்றாக மூடப்படுகிறது. காலியான இடத்தில் கவலை வந்து குடியேறுகிறது.

எனக்குத் தெரிந்த ஒருவர், எழுபத்து நான்கு வயது. அவர் சம்மதத்தோடு, பெயர் சொல்லாமல் சொல்கிறேன். மனைவி காலமானார். வருஷாப்திகம் ஆவதற்குள் அவர் ரொம்ப மாறிவிட்டார். வாக்கிங் நின்றது, ஹிண்டு பேப்பர் பிரிக்காமல் கிடந்தது, கேட்டதையே கேட்டார். ஒரு நாள் கேஸை மூட மறந்தார். அல்ஸைமர் என்று பயந்து, வீட்டில் சாவியைக்கூட அவர் கையில் கொடுக்காமல் வைத்தார்கள். டாக்டர் நிதானமாக விசாரித்தார். பி-12, தைராய்டு எல்லாம் பார்த்தார். பி-12 குறைவாக இருந்தது. சைவச் சாப்பாட்டுக்காரர்களுக்கு அது சகஜம், அதுவே மறதியையும் சோர்வையும் தரும். அதைச் சரிசெய்துகொண்டே, "இவருக்கு முக்கியமாக இருப்பது மனச்சோர்வு" என்றார். மாத்திரையும், வாரம் ஒரு முறை ஆலோசனையும் ஆரம்பமாயிற்று.

ஆலோசகர் செய்தது என்ன தெரியுமா? ஒரு காகிதத்தில் மூன்று வேலை எழுதிக் கொடுத்தார். காலையில் பால் வாங்குவது, பூஜைக்குப் பூ பறிப்பது, ஒரு பழைய நண்பருக்கு டெலிபோன் செய்வது. "மனசு வந்தால் செய்யுங்கோ" என்று சொல்லவில்லை. "மனசு வராவிட்டாலும் இதை மட்டும் செய்துவிட்டு வந்து படுத்துக்கொள்ளுங்கோ" என்றார். மூன்று வாரம் ஒரு பலனும் தெரியவில்லை. மாத்திரையை நிறுத்திவிடலாம் என்று பிள்ளை யோசித்தான். டாக்டர் பொறுக்கச் சொன்னார். ஆறாவது வாரம் ஒரு நாள், "ஸ்கோர் என்ன?" என்று தானாகக் கேட்டாராம். இன்று அவர் பில்டிங்கின் தண்ணீர்க் கணக்கைப் பார்க்கிறார். பழைய மாதிரி முழுக்க ஆகிவிட்டார் என்று சொல்ல மாட்டேன். சில நாள் வாடித்தான் இருக்கிறார். ஆனால் சாவி அவர் கையில் இருக்கிறது.

கோவாவில் கிடைத்த ருசு

ஒருவர் கதையை வைத்து முடிவுக்கு வரக்கூடாது. பக்கத்து மாநிலமான கோவாவில் இதைச் சரியான முறையில் பரிசோதித்திருக்கிறார்கள். டாக்டர் விக்ரம் படேலின் குழு, டாக்டர் அல்லாத சாதாரண மனிதர்களுக்குப் பயிற்சி கொடுத்து, மனச்சோர்வு உள்ளவர்களைச் சின்னச் சின்னக் காரியங்களில் திரும்ப ஈடுபடுத்தும் சிகிச்சையை ஆறு முதல் எட்டு சந்திப்புகளில் செய்தது. மூன்று மாதத்தில் அந்தச் சிகிச்சை பெற்றவர்களில் 64 சதவிகிதம் பேர் தேறினார்கள். வழக்கமான கவனிப்பைச் சற்று மேம்படுத்திக் கொடுத்ததில் தேறியவர்கள் 39 சதவிகிதம்.

2019-ல் வெளியான இன்னொரு ஆய்வு நம்மைப் போன்ற கிழங்களுக்கானது. டாக்டர் அமித் டயஸ் முதலானோர், 60 வயதைத் தாண்டி, லேசான அறிகுறி மட்டுமே இருந்த 181 பேரை எடுத்துக்கொண்டார்கள். திட்டத்தின் பெயர் "தில்". ஹிந்தியில் இதயம் என்று உங்களுக்குத் தெரியும். பிரச்சினைகளைப் பிரித்துப் பார்த்துத் தீர்க்கப் பழக்குவது, தூக்கத்தைச் சீர்படுத்துவது, சர்க்கரை போன்ற வியாதிகளைக் கவனிப்பது, அரசு உதவிகள் கிடைக்க வழிகாட்டுவது, அவ்வளவுதான். ஒரு வருஷத்தில், உதவி பெற்றவர்களில் 4.4 சதவிகிதம் பேருக்கும், பெறாதவர்களில் 14.4 சதவிகிதம் பேருக்கும் முழு மனச்சோர்வு வந்தது. மூன்றில் ஒரு பங்கு! இதற்குப் பெரிய ஆஸ்பத்திரி தேவைப்படவில்லை.

நாம் செய்யக்கூடியவை

நம் உறுப்பினர்கள் பல ஊர்களில் இருக்கிறார்கள். எந்த ஊரானாலும் பொருந்தும் சில விஷயங்கள்:

1. இரண்டு வாரத்துக்கு மேல் ஒருவர் எதிலும் நாட்டமில்லாமல் இருந்தால் டாக்டரிடம் அழைத்துப் போங்கள். பி-12, தைராய்டு, சர்க்கரை பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். மறதி என்றால் உடனே அல்ஸைமர் என்று தீர்ப்பு எழுதிவிடாதீர்கள்.

2. மருந்து கொடுத்தால் சில வாரமாவது பொறுத்திருங்கள். வயதானவர்களுக்குச் சில மருந்துகள் ரத்தத்தில் சோடியத்தைக் குறைக்கும். தள்ளாட்டமோ குழப்பமோ கண்டால் உடனே டாக்டரிடம் சொல்லுங்கள். தேறியதும் நீங்களாகச் சட்டென்று நிறுத்தாதீர்கள்.

3. பெரியவர்களிடமிருந்து வேலையைப் பிடுங்காதீர்கள். வேலை சின்னதாக இருக்கலாம், ஆனால் நிஜமாக இருக்க வேண்டும். அவர் செய்யாவிட்டால் அது நடக்காது என்று இருக்க வேண்டும். சோர்ந்திருப்பவரை "சோம்பேறி" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். கால் முறிந்தவனை ஓடு என்று சொல்வது மாதிரி அது.

4. நடங்கள். 2011-ல் அமெரிக்காவில் 120 முதியோர்களில் பாதிப் பேரை வாரம் மூன்று நாள், நாற்பது நிமிஷம் நடக்க வைத்தார்கள். ஒரு வருஷத்தில் ஹிப்போகாம்பஸ் 2 சதவிகிதம் வளர்ந்தது. உடம்பை நீட்டி மடக்கும் பயிற்சி மட்டும் செய்தவர்களுக்கு 1.4 சதவிகிதம் குறைந்தது. அவர்கள் மனச்சோர்வு நோயாளிகள் அல்ல என்றாலும், நமக்கு நஷ்டமில்லாத சிகிச்சை. கூட ஒருவர் நடந்தால் இன்னும் விசேஷம்.

5. "எனக்குப் போதும், பகவான் கூப்பிட்டுக்கட்டும்" என்று நம்மில் எல்லோருமே சொல்கிறோம். பாதி வேடிக்கைதான். மீதிப் பாதி எது என்று கவனியுங்கள். சந்தேகம் வந்தால் நேராகவே கேளுங்கள், "உயிரை விட்டுடலாம்னு தோணறதா?" என்று. கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக வராது. கேட்க ஒரு ஆள் இருக்கிறது என்ற ஆறுதல்தான் வரும். அப்படித் தோன்றுவதாகச் சொன்னால் அவரைத் தனியாக விடாமல், அன்றைக்கே டாக்டரிடம் அழைத்துப் போங்கள்.

உதவிக்கு வழி இல்லாமல் இல்லை. 2022 அக்டோபரில் ஆரம்பித்த டெலி-மானஸ் என்ற சர்க்கார் சேவையில் 14416 என்ற எண்ணுக்கு இலவசமாகப் பேசலாம், தமிழிலும் பேசலாம். முதியோர்களுக்கென்று 14567 இருக்கிறது. இதோ பக்கத்தில் தேவ்னாரில் உள்ள டாடா சமூக அறிவியல் கழகம் 2012-லிருந்து ஐ-கால் என்ற தொலைபேசி ஆலோசனையை நடத்தி வருகிறது. 2017-ஆம் வருஷத்து மனநலச் சட்டப்படி, உடம்பு வியாதிக்குச் செய்வதுபோலவே மன வியாதிக்கும் இன்ஷூரன்ஸ் தர வேண்டும். பாலிசியை எடுத்துப் படித்துப் பாருங்கள்.

கோவண்டி என்றால் ஸ்டேஷனுக்கு இந்தப் பக்கம் மட்டுமல்ல. அந்தப் பக்கத்துக் குடிசைப் பகுதிகளில் வாடகை, வேலை, டி.பி. என்று தினம் அழுத்தத்தில் இருப்பவர்களின் மூளையும் இதே மூளைதான். அவர்களுக்கு ஓய்வும் கிடையாது, டாக்டரும் எட்டவில்லை. நம் சங்கத்தில் ஓய்வாக இருக்கும் ஆசிரியர்கள், நர்ஸுகள், ஆபீசர்கள் நிறையப் பேர். கோவாவில் பயிற்சி பெற்ற சாதாரண மனிதர்களால் முடிந்தது நம்மால் முடியாதா? முறையான பயிற்சிக்கு யாரை அணுகலாம் என்று நம் கமிட்டி விசாரிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். முதல் பெயராக என் பெயரை எழுதிக்கொள்ளலாம்.